தாமதமும் அவமதிப்பே!

நீதிமன்றத்தை நாவாற் பழித்தவருக்குச் சிறை. நீதிமன்றத்தின் கட்டளையை ஆறப்போட்டவருக்கு அவகாசம்! இதுதானா இந்நாட்டின் நீதி?

வீண்பழி சுமத்துகிறோமல்லோம். நடந்தவற்றை எண்ணிப் பாருங்கள். 2004 டிசம்பரில், நுவரெலியா மாவட்டப் பாராளுமன்ற உறுப்பினர் எஸ். பி. திசாநாயக்கவுக்கு ஈராண்டுக் கடூழியச் சிறை. 2021 ஜனவரியில், ரஞ்சன் ராமநாயக்கவுக்கு நான்காண்டுக் கடூழியச் சிறை. இருவர் மீதும் சாட்டப்பட்ட குற்றம் பேச்சு, வெறும் பேச்சு!

மறுபக்கத்தையும் பாருங்கள். 2023 மார்ச் 9ஆம் நாள் நடைபெறவிருந்த உள்ளூராட்சித் தேர்தலுக்கு வரவு செலவுத் திட்டத்திற் பணம் ஒதுக்கப்பட்டிருந்தது. அப்பணத்தை நிறுத்தி வைத்தலாகாது என்று, மார்ச் 3ஆம் நாள் நிதியமைச்சின் செயலாளருக்கும் சட்டமா அதிபருக்கும் உயர் நீதிமன்றம் இடைக்கால உத்தரவிட்டது. விளைந்தது என்ன? ஏப்ரல் 25 என்று வேறு நாள் குறித்தார்கள்; அந்நாளும் கடந்தது. ஆளுந்தரப்பு உறுப்பினர் ஒருவரோ, அவ்வுத்தரவு பாராளுமன்றச் சிறப்புரிமையை மீறியதென்று சபையிலே முழங்கினார்!

நிதியமைச்சர் என்ற முறையில் அன்றைய ஜனாதிபதி ரணில் விக்கிரமசிங்கவும், தேர்தல் ஆணைக்குழுவும் மக்களின் அடிப்படை உரிமையை மீறினர் என 2024 ஓகஸ்ட் 22இல் தீர்ப்பு வந்தது. தேர்தல் நடந்ததோ 2025 மே 6இல். உத்தரவு முடங்கியதற்காகச் சிறை சென்றவர் எவருமில்லை.

கொழும்புக்கு இது கட்சிக் கணக்கு. றொசல்லவிலும் வட்டவளையிலும் ஹட்டனிலும் வாழும் தோட்டத் தொழிலாளிக்கோ இது பாதைக் கணக்கு, குடிநீர்க் கணக்கு. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டம், தோட்டங்களுக்குச் சபைப் பணம் செல்லாதவாறு முட்டுக்கட்டை போட்டது. அதன் 33ஆம் பிரிவு 2018இலேதான் திருத்தப்பட்டது. முப்பதாண்டுக்குப் பின் திறந்த கதவு ஐந்தாண்டும் திறந்திருக்கவில்லை. 2023 மார்ச்சில் சபைகளின் காலம் முடிந்தது. ஈராண்டுக்கு மேலாக அதிகாரிகளே ஆண்டனர். தோட்டப் பாதை இடிந்தாற் கேட்பதற்கு மக்கள் தெரிந்தெடுத்த சபை உறுப்பினர் ஒருவரேனும் இருந்தாரா?

திறைசேரி வறண்டிருந்தது என்பர். வறண்டிருந்தது மெய்யே. ஆயின், உத்தரவை மாற்றித் தருமாறு நீதிபதிகளை வேண்டலாம். மாற்றும்வரை கீழ்ப்படிய வேண்டும். கோப்பை மேசையில் உறங்க வைப்பது சட்டவழியன்று. காணி வழக்கிலே தோற்ற விவசாயி, “இப்போது வசதியில்லை” என்று காணியை விடாதிருந்தால் விடுவார்களா? மறுநாளே பிஸ்கால் வாசலில் நிற்பான்! ஏழைக்கு ஒரு காலம், அதிகாரிக்கு வேறொரு காலமா?

நாம் யாரிடமிருந்து சட்டம் கற்றோமோ அந்த இங்கிலாந்தைப் பாருங்கள். அகதி ஒருவரைத் திருப்பி அழைத்து வருமாறு 1991இல் நீதிபதி இட்ட கட்டளைக்கு உள்துறை அமைச்சர் பணியவில்லை. அது நீதிமன்ற அவமதிப்பே என 1993இல் பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. அமைச்சர் பதவி அங்கே கேடயமாகவில்லை.

நமக்கும் சட்டம் இல்லாமலில்லை. நீதிமன்ற அவமதிப்புப் பற்றிய 2024ஆம் ஆண்டின் 8ஆம் இலக்கச் சட்டம், கட்டளையை வேண்டுமென்றே மீறுவதையும் அவமதிப்பென்றே கொள்கிறது. அச்சட்டம் அதிகாரிகளின் வாயிலையும் தட்டட்டும்! ஒவ்வொரு கட்டளையிலும் நிறைவேற்ற வேண்டிய நாள் குறிக்கப்படுக. பொறுப்பான அதிகாரியின் பெயர் பொறிக்கப்படுக. நாள் கடந்தால், அவரே கூண்டிலேறி விடை கூறுக. மலையகத்து வழக்கறிஞர்களே, ஆசிரியர்களே, விவசாயிகளே, இக்கோரிக்கையை ஊர்தோறும் எழுப்புங்கள்!

ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்பது நம் முதுமொழி. ஆறப்போட்ட தீர்ப்பும் அத்தகையதே. அதை உண்டு பசியாறுமாறு இனியும் நம் மக்களிடம் சொல்லாதீர்கள்!