அரை எம்.எல். என்பது அளவு அல்ல



எழுத வேண்டும் என்று நினைத்து, வெட்கத்தால் பல மாதம் தள்ளிப்போட்ட பதிவு இது. கொஞ்சம் நீளம்தான். ஆனால் வீட்டில் நாயோ பூனையோ வளர்ப்பவர்கள் கடைசி வரை படித்துவிடுங்கள்.

எங்கள் வீட்டுப் பூனை சுந்தரியை உங்களில் பலருக்குத் தெரியும். நான் காலையில் போடும் போட்டோக்களில் திண்ணை ஓரமாக உட்கார்ந்திருப்பாளே, அவள்தான். போன ஐப்பசி மழையில் வேறு ஒரு பூனையோடு சண்டை போட்டு, பின்னங்காலில் கடி வாங்கிக்கொண்டு வந்தாள். மூன்றாம் நாள் பார்த்தால் கால் வீங்கிச் சீழ் கட்டிவிட்டது. வெளியே அடைமழை. வெள்ளக்கடையிலிருந்து ஏற்காட்டுக்குப் போய், அங்கிருந்து 20 கொண்டை ஊசி வளைவும் இறங்கிச் சேலம் போக வேண்டும். ஒரு பூனைக்காகவா என்று சோம்பல் பட்டேன். உண்மையைச் சொல்லிவிடுகிறேன், சோம்பல்தான்.

அக்கம்பக்கத்தில் ஒரு வீட்டில் மாட்டுக்கு வாங்கிய ஊசி மருந்து பாட்டிலில் மிச்சம் இருந்தது. என்ரோஃப்ளாக்சசின் என்ற ஆன்டிபயாடிக். மாடுகளுக்கு ஊசி போட்டுப் பழகிய ஒரு தம்பி வந்தான். "பூனைதானே டீச்சர், அரை எம்.எல். போட்டா போதும். காலையில அரை, சாயங்காலம் அரை, மூணு நாள்" என்றான். அவன் நல்ல மனசோடுதான் சொன்னான். ஒரு ரூபாய் வாங்கவில்லை. மழையில் நனைந்துகொண்டு ஆறு வேளையும் வந்து போட்டான். பூனையைத் துண்டில் சுற்றிப் பிடித்துக்கொண்டது நான்.

கால் வீக்கம் வடிந்தது. நிம்மதியாக இருந்தோம். நான்காம் நாள், பகல் வெளிச்சத்திலும் அவள் கண்ணில் கருமணி பெரிதாக விரிந்தே இருந்தது. நடக்கும்போது நாற்காலிக் காலில் முட்டினாள். தினமும் தாவும் திண்ணைக்குத் தாவி, விளிம்பில் மோதிக் கீழே விழுந்தாள். அப்போதுதான் எனக்கு வயிற்றைக் கலக்கியது.

மறுநாள் சேலத்தில் ஒரு கால்நடை மருத்துவரிடம் போனோம். அவர் மூன்று கேள்வி கேட்டார். "அம்மா, பூனை என்ன எடை? மருந்தில் ஒரு மில்லிக்கு எத்தனை மில்லிகிராம்? எத்தனை மில்லி போட்டீங்க?" மூன்றில் ஒன்றுக்குத்தான் என்னால் பதில் சொல்ல முடிந்தது. பாட்டிலைக் கையோடு கொண்டு போயிருந்தேன். அதில் 10% என்று இருந்தது. அவர் சீட்டின் பின்பக்கம் கணக்குப் போட்டுக் காட்டினார். சதவீதமும் விகிதமும் நடத்தியே ஓய்வுபெற்ற நான், கரும்பலகை முன்னால் விடை தெரியாமல் நிற்கும் பிள்ளை மாதிரி நின்றேன்.

அந்தக் கணக்கை உங்களுக்கும் போட்டுக் காட்டுகிறேன்.

10% என்றால் 100 மில்லியில் 10 கிராம் மருந்து. அதாவது 10,000 மில்லிகிராம். ஆக ஒரு மில்லியில் 100 மில்லிகிராம். நாங்கள் போட்டது வேளைக்கு அரை மில்லி, 50 மில்லிகிராம். ஒரு நாளைக்கு இரண்டு வேளை, 100 மில்லிகிராம்.

சுந்தரியின் எடை 2.5 கிலோ. இந்த மருந்து பூனைக்கு ஒரு நாளில் கிலோவுக்கு 5 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. 2.5 × 5 = 12.5 மில்லிகிராம். அதை இந்தப் பாட்டிலிலிருந்து எடுத்தால் 12.5 ÷ 100 = 0.125 மில்லி. ஒரு நாள் முழுவதற்கும் அவ்வளவுதான்.

12.5 இருக்க வேண்டிய இடத்தில் 100. எட்டு மடங்கு, மூன்று நாள்.

பூனையின் விழித்திரையில் இந்த வகை மருந்தை வெளியே தள்ளும் காவல் மற்ற விலங்குகளில் இருக்கும் அளவுக்குப் பலமாக இல்லை. அதனால் மருந்து அங்கே தங்கி விழித்திரையைக் கெடுத்துவிடுகிறது. இப்படிப் பாதிக்கப்பட்ட 17 பூனைகளைப் பற்றி 2001-லேயே கண் மருத்துவ ஆய்விதழில் எழுதிவிட்டார்கள். அதே மருந்தை நாய்க்குக் கிலோவுக்கு 20 மில்லிகிராம் வரைகூடக் கொடுக்கிறார்கள். அதனால் 'நாய்க்குப் போட்டதில் பாதி பூனைக்கு' என்ற கணக்கும் தப்பு. மருத்துவர் பார்த்துப் பார்த்துத்தான் பேசினார். "இதுவாகத்தான் இருக்கணும் அம்மா. பார்வை திரும்பும்னு நான் சொல்ல மாட்டேன்" என்றார். திரும்பவில்லை.

இனி என் கருத்துக்கு வருகிறேன். 'அரை எம்.எல்.' என்பது மருந்தின் அளவு அல்ல. அது தண்ணீரின் அளவு. அதற்குள் எவ்வளவு மருந்து இருக்கிறது, அது எத்தனை கிலோ உடம்புக்குள் போகிறது என்று தெரியாதவரை அந்த வார்த்தைக்கு அர்த்தமே இல்லை. மலையிலும் சரி, கீழே ஊர்களிலும் சரி, நாய் பூனைக்கு ஊசி என்றால் நாம் எல்லோரும் எம்.எல். கணக்கில்தான் பேசுகிறோம். 'ஒரு எம்.எல். போட்டோம், சரியாயிடுச்சு.' இந்தப் பேச்சை நிறுத்த வேண்டும்.

கேட்க வேண்டியது மூன்றே எண்கள்தான். எத்தனை கிலோ? கிலோவுக்கு எத்தனை மில்லிகிராம்? மில்லிக்கு எத்தனை மில்லிகிராம்? முதல் இரண்டையும் பெருக்கி, மூன்றாவதால் வகுத்தால் சிரிஞ்சில் ஏற்ற வேண்டிய மில்லி வந்துவிடும். எட்டாம் வகுப்புக்குள் நீங்கள் படித்து முடித்த கணக்குதான். "இதெல்லாம் எங்க டீச்சர் உதவப் போகுது?" என்று பின்பெஞ்சிலிருந்து கேட்டீர்களே, இங்கேதான்.

ஆனால் சுலபமான கணக்கில்தான் குழிகள் அதிகம்.

முதல் குழி எடை. 'ரெண்டு ரெண்டரை கிலோ இருக்கும்' என்று கண்ணால் சொல்லாதீர்கள். 10 கிலோ நாயில் அரை கிலோ தப்பினால் இருபதில் ஒரு பங்குதான் பிசகு. 2.5 கிலோ பூனையில் அதே அரை கிலோ ஐந்தில் ஒரு பங்கு. பூனையைத் துணிப்பையில் வைத்து, காப்பிக்கொட்டை நிறுக்கும் தராசில் நிறுத்துப் பையின் எடையைக் கழியுங்கள். நாயைத் தூக்கிக்கொண்டு எடை மெஷினில் ஏறி, உங்கள் எடையைக் கழியுங்கள்.

இரண்டாவது குழி பொடி மருந்து. செஃப்ட்ரியாக்சோன் போன்றவை குப்பியில் பொடியாக வரும். 1 கிராம் பொடியை 10 மில்லி நீரில் கரைத்தால் ஏறத்தாழ மில்லிக்கு 100 மில்லிகிராம். 5 மில்லியில் கரைத்தால் 200. குப்பியும் மருந்தும் ஒன்றே, 'ஒரு எம்.எல்.' மட்டும் இரண்டு மடங்காகிவிட்டது. அதே பெயரில் 250 மில்லிகிராம் குப்பியும் கடையில் உண்டு.

மூன்றாவது குழி சிரிஞ்சு. சின்ன அளவு என்பதால் சர்க்கரை ஊசிக்கான சிரிஞ்சை எடுக்கிறார்கள். அதில் இருக்கும் கோடுகள் மில்லி அல்ல, யூனிட். ஒரு வகையில் 40 கோடு சேர்ந்தால் ஒரு மில்லி, இன்னொரு வகையில் 100 கோடு. சுந்தரிக்குரிய 0.125 மில்லி முதல் வகையில் 5 கோடு, இரண்டாம் வகையில் பன்னிரண்டரைக் கோடு. மாற்றி எடுத்தால் இரண்டரை மடங்கு ஏறும், இல்லையென்றால் அந்த அளவுக்குக் குறையும்.

குறைந்தால் என்ன, பத்திரம்தானே என்று நினைப்பீர்கள். அதுவும் இல்லை. காட்டுப்பன்றி கிழித்த 20 கிலோ காவல் நாய்க்கு, மருத்துவர் கிலோவுக்கு 25 மில்லிகிராம் செஃப்ட்ரியாக்சோன் எழுதினால் ஒரு வேளைக்கு 500 மில்லிகிராம். 10 மில்லியில் கரைத்த 1 கிராம் குப்பியில் அது 5 மில்லி. 'இவ்வளவா?' என்று பயந்து ஒரு மில்லி போட்டால் ஐந்தில் ஒரு பங்குதான் போகிறது. கிருமி சாகாது, மருந்துக்குப் பழகிக்கொள்ளும். பெனிசிலினைக் கண்டுபிடித்த அலெக்சாண்டர் ஃபிளெமிங் 1945-இல் நோபல் பரிசு உரையிலேயே இதை எச்சரித்தார். அப்படிப் பழகிய கிருமி நாயோடு நிற்காது. அந்த நாயைத் தடவும் பேரப்பிள்ளையிடமும் வரலாம்.

'கணக்கைச் சொல்லிக் கொடுத்துவிட்டீர்கள், இனி நாங்களே போட்டுக்கொள்ளலாமா டீச்சர்?' என்று யாரும் கேட்க வேண்டாம். கூடாது. மூன்று எண்களில் நடுவில் இருக்கும் எண்ணை, கிலோவுக்கு எத்தனை என்பதை, மருத்துவர்தான் சொல்ல முடியும். எந்த மருந்து, எத்தனை நாள் என்பதும் அவர் கையில்தான். எனக்கு எழுதிய என்ரோஃப்ளாக்சசின் கணக்கு சரியாகவே வந்தாலும், வளரும் நாய்க்குட்டிக்கு அந்த மருந்து மூட்டுக் குருத்தெலும்பைக் கெடுக்கும். ஜென்டாமைசின் கணக்கு சரியாக வந்தாலும், சிறுநீரகம் பழுதான கிழட்டுப் பூனைக்கு அது விஷம். இதெல்லாம் பெருக்கல் வகுத்தலில் வராது. கால்நடை வைத்தியம் பதிவு பெற்ற மருத்துவருக்கே உரியது என்று 1984-ஆம் ஆண்டுச் சட்டம் சொல்வதும் சும்மா இல்லை. நமக்குக் கணக்கு தெரிய வேண்டியது ஊசி போட அல்ல, கேள்வி கேட்க.

'ஒரு பூனைக்காக மலை இறங்க முடியுமா? பஸ்ஸில் ஏற்றுவார்களா? செலவு?' என்று நீங்கள் கேட்பது நியாயம். நானும் அப்படி நினைத்தவள்தானே. ஆனால் பாட்டில் லேபிளைப் போட்டோ எடுத்து, எடையையும் எழுதி ஒரு மருத்துவருக்கு வாட்ஸ்ஆப்பில் அனுப்ப எனக்கு ஐந்து நிமிடம்கூட ஆகியிருக்காது. கால்நடை ஆம்புலன்ஸுக்கு 1962 என்ற இலவச எண் இருக்கிறது. இரண்டையும் நான் செய்யவில்லை.

மருந்துக் கடை வைத்திருக்கும் என் மாணவர்களுக்கும் ஒரு வார்த்தை. செஃப்ட்ரியாக்சோன் 2014 மார்ச் முதல் எச்1 பட்டியலில் இருக்கிறது. சீட்டு இல்லாமல் கொடுக்கக் கூடாது, விவரத்தைப் பதிவேட்டில் எழுதி 3 ஆண்டு வைக்க வேண்டும். 'நாய்க்குத்தான்' என்று கேட்பவரிடமும் இதே சட்டம்தான். கால்நடை மருத்துவர்களிடமும் ஒரு வேண்டுகோள். சீட்டில் எம்.எல். மட்டும் எழுதாமல், எடையையும் மில்லிகிராமையும் சேர்த்து எழுதிக் கொடுங்கள். எங்களைப் போன்றவர்கள் வீட்டுக்குப் போய்ச் சரிபார்க்க அது ஒன்றுதான் வழி. சிறு பிராணிகளை நிறுக்க ஒரு தராசு எல்லாக் கால்நடை மருந்தகத்திலும் இருக்க வேண்டும் என்று நம் ஊராட்சிக் கூட்டங்களில் கேட்கலாம். பெரிய செலவில்லை.

ஊசி போட்ட அந்தத் தம்பியை யாரும் திட்ட வேண்டாம். அவன் விஷயம் தெரிந்து என் வீட்டுப் படியில் உட்கார்ந்து அழுதான். பாட்டிலில் 10% என்று எழுதியிருந்ததைப் படித்தும் கணக்குப் போடாதவள் நான். தவறு என்னுடையது. அவன் இப்போது சட்டைப்பையில் ஒரு சின்ன நோட்டு வைத்திருக்கிறான். மாட்டுக்கானாலும் மருத்துவரிடம் போனில் மூன்று எண்களையும் கேட்டு எழுதிக்கொள்கிறான்.

சுந்தரி இருக்கிறாள். நன்றாகச் சாப்பிடுகிறாள். தட்டை இரண்டு முறை தட்டினால் மீசையால் சுவரைத் தொட்டுக்கொண்டே வந்துவிடுவாள். வீட்டில் ஒரு நாற்காலியையும் நாங்கள் இடம் மாற்றுவதில்லை. திண்ணைக்கு மட்டும் அவள் தாவுவதே இல்லை. நான்தான் தூக்கி வைக்கிறேன்.

வீட்டுப்பாடம் கொடுக்காமல் முடித்தால் நான் உங்கள் டீச்சர் இல்லையே. இன்று ராத்திரிக்குள் உங்கள் வீட்டு நாய், பூனையை நிறுத்து, எடையைத் தேதியோடு காலண்டரில் எழுதுங்கள். பக்கத்தில் ஒரு கால்நடை மருத்துவரின் போன் நம்பரும் இருக்கட்டும். வீட்டில் மிச்ச மருந்து பாட்டில் இருந்தால், அடுத்த முறை போகும்போது அவரிடமே கொடுத்து, என்ன செய்வது என்று கேளுங்கள். முடித்தவர்கள் கீழே 'முடித்தேன் டீச்சர்' என்று எழுதினால் போதும். உறவுக்காரர்கள் அத்தை என்றோ பெரியம்மா என்றோ எழுதலாம், திருத்தும்போது வித்தியாசம் பார்க்க மாட்டேன்.

அன்புடன்,
உங்கள் கணக்கு டீச்சர்,
வெள்ளக்கடை