எங்கட காணியை ஆருக்கு விக்கலாம்?



இந்த மாத ஆசிரியர் பகுதியை வேறு விஷயம் பற்றி எழுதத்தான் இருந்தேன். நடுவில் எங்கட குடும்ப வாட்ஸ்அப் குழு குறுக்கே வந்துவிட்டது.

அப்பம்மாவின் பெயரில் யாழ்ப்பாணத்தில் 6 பரப்புத் தோட்டக் காணி இருந்தது. அவ போனபிறகு அது பிள்ளைகள் நாலு பேருக்கும் பொதுவாகக் கிடக்கிறது. லண்டனில் இரண்டு பேர், டொரண்டோவில் அத்தை, பாரிஸில் சித்தப்பா. விற்பதென்று முடிவாயிற்று. வாங்கவும் ஆள் இருக்கிறது: மூன்று தலைமுறையாக அந்தத் தோட்டத்தைக் கொத்தி, வெங்காயமும் புகையிலையும் வைத்த அதே குடும்பம். மகன் கட்டாரில் உழைத்து அனுப்புகிறான். சந்தை விலைக்கே கேட்கிறார்கள்.

லண்டனில் இருக்கிற பெரியப்பா ஒரே ஒரு வொய்ஸ் மெசேஜ் போட்டார். “ஆக்களைப் பாத்துக் குடுக்கவேணும். கோயில் வீதிக் காணி. அவைக்குக் குடுத்தா பக்கத்துக் காணிக்காரர் என்ன சொல்லுவினம்? பத்தையாக் கிடந்தாலும் பரவாயில்லை.” கூடவே தேசவழமையையும் இழுத்தார். பங்காளியிடம் கேட்காமல் வெளியாளுக்கு விற்க முடியாதாம். அது சரிதான், சட்டம் அப்படித்தான் இருக்கிறது. ஆனால் தேசவழமையில் வேறு என்ன இருந்தது என்று பெரியப்பாவுக்குத் தெரியுமோ தெரியாது.

1707இல் ஒல்லாந்தர் அதைத் தொகுத்தபோது அடிமைகளைப் பற்றியும் ஒரு பகுதி எழுதி வைத்தார்கள். பள்ளரும் நளவரும் அதில் அடிமைகளாகப் பெயர் சொல்லிக் குறிக்கப்பட்டிருக்கிறார்கள். பிரிட்டிஷ் பாராளுமன்றம் 1833இல் அடிமைமுறையை ஒழித்தபோது இலங்கையை அந்தச் சட்டத்துக்கு வெளியே விட்டுவிட்டது. யாழ்ப்பாணத்தில் அது முற்றாக ஒழிய 1844 ஆயிற்று. விடுதலையானவர்களின் கையில் காணி இல்லை. அதனால் அதே துலாவை மிதித்தார்கள், அதே தோட்டத்தைக் கொத்தினார்கள்.

ஆகஸ்ட் 1ஆம் திகதி பிரிக்ஸ்டனில் நட்டஈடு கேட்டு நடக்கும் ஊர்வலத்துக்கு நாங்கள் பதாகையோடு போகிறோம். அடிமை முதலாளிகளுக்கு 2 கோடி பவுண் கொடுத்த அரசு அடிமைகளுக்கு ஒரு பென்ஸ்கூடக் கொடுக்கவில்லை என்று கத்துகிறோம். சரியான கோஷம். ஆனால் 1844இல் ஒன்றும் கிடைக்காமல் போனவர்களின் பேரப்பிள்ளை காசை எண்ணி வைத்துக்கொண்டு காணி கேட்கும்போது, “ஆக்களைப் பாத்து” என்று சொல்பவர் என் பெரியப்பா. அவரும் 83இல் அடிவாங்கி ஓடி வந்தவர். லண்டன் வீதியில் ‘பாக்கி’ என்று ஏச்சு வாங்கியவர்.

சாதி என்றால் கலியாணப் பேச்சு என்றுதான் இஞ்ச பிறந்த நாங்கள் பழகிவிட்டோம். அது முதலில் காணியும் கூலியும். வங்கத்துப் பாவுரிகளும் கீழத்தஞ்சையின் பள்ளர், பறையரும் தலைமுறை தலைமுறையாக மற்றவனின் வயலில் நட்டு அறுத்தவர்கள்தான். 1968 டிசம்பர் 25 இரவு, கீழ்வெண்மணியில் 44 பேர், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும், ஒரு குடிசைக்குள் எரிந்தார்கள். கூலியாக இன்னும் அரைப்படி நெல் கேட்டதும், செங்கொடியை இறக்க மறுத்ததும்தான் காரணம். 1973இல் சென்னை உயர்நீதிமன்றம் மிராசுதார்களை விடுதலை செய்தது. கார் வைத்திருக்கிற பெரிய மனிதர்கள் நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்களா என்று நீதிபதிகளுக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

அதே 1968இல்தான் மாவிட்டபுரம். தீண்டாமை ஒழிப்பு வெகுஜன இயக்கத்தார் கந்தசுவாமி கோயில் வாசலில் நின்றார்கள். பேராசிரியர் சுந்தரலிங்கம், கணிதம் படித்தவர், முன்னாள் அமைச்சர், வழியை மறித்தார். அந்த வழக்கு கடைசியில் இஞ்ச, லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் வந்தது. அந்த வருஷத்தைச் சொன்னால் எங்களுக்கு ஈனொக் பவலின் பேச்சுத்தான் ஞாபகம் வரும். எனக்கும் அப்படித்தான் இருந்தது.

இந்த நாட்டின் சட்டமும் பெரியப்பாவைத் தொந்தரவு செய்யாது. சாதியையும் இனப்பாகுபாட்டுக்குள் சேர்க்கும்படி 2013இல் பாராளுமன்றம் அரசைப் பணித்தது. சில இந்து அமைப்புகள் கடுமையாக எதிர்த்தன. 2018 ஜூலையில் அரசு பின்வாங்கி, வழக்குத் தீர்ப்புகளே போதும் என்றது. அந்தத் தீர்ப்பு, 2014இன் திர்க்கி வழக்கு, எப்படி வந்தது? பீகாரிலிருந்து கூட்டிவரப்பட்ட ஓர் ஆதிவாசிப் பெண் மில்ட்டன் கீன்ஸில் ஒரு வீட்டில் நாலரை வருஷம் மணிக்கு 11 பென்ஸ் கூலிக்கு உழைத்து, தானே நீதிமன்றம் ஏறியதால் வந்தது.

இராணுவத்திடம் காணியை விடு என்று நாங்கள் கேட்கிறோம். கேட்கத்தான் வேண்டும். ஆனால் 1990இல் வலிகாமம் வடக்கிலிருந்து துரத்தப்பட்டவர்களில் கடைசிவரை முகாம்களில் கிடந்தவர்கள் பெரும்பாலும் ஒடுக்கப்பட்ட சாதியினர். விடுவிக்கச் சொல்லிக் கேட்க அவர்களுக்குச் சொந்தக் காணி இல்லை. வாங்கப் போனால் விற்க ஆள் இல்லை.

அடுத்த கூட்டத்துக்கு வரும்போது வீட்டில் மூன்று விஷயம் கேட்டுக்கொண்டு வாங்கோ. ஊரில எங்களுக்கு எவ்வளவு காணி? கொத்தினது ஆர்? அவை இப்ப எங்க இருக்கினம்? சண்டை வரும், எனக்கும் வந்தது. காணியே இல்லாத வீட்டுத் தோழர்களும் எங்களோடு இருக்கிறார்கள். அவர்களைக் கதை சொல்லச் சொல்லி நெருக்கவேண்டாம். இந்தக் கேள்வி மற்றவர்களுக்குத்தான்.

குழுவில் நான் எழுதினேன்: அவைக்கே விப்பம், விலையையும் குறைப்பம். நீல டிக் எல்லாம் விழுந்தது, ஒருவரும் வாய் திறக்கவில்லை. இரண்டு நாள் கழித்து டொரண்டோ அத்தை மட்டும் தனியாக எழுதினா. தன் பங்குக்குத் தான் சம்மதமாம், நொத்தாரிசிடம் பேசச் சொன்னா. உறுதி எழுத வாங்குபவரின் தகப்பன் பெயரும் வேண்டுமாம். அந்த மனிதர் அப்பம்மாவை விடப் பத்து வயசு மூத்தவர். அப்பம்மா அவரை ‘அவன்’ எண்டுதான் சொல்லுவா. அவர் எங்கட அப்பாவை, சின்னப் பெடியனாக இருந்தபோதே, ‘நயினார்’ என்று கூப்பிட்டாராம். அவருடைய முழுப்பெயர் எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. கட்டாருக்கு மெசேஜ் போட்டுக் கேட்டிருக்கிறேன்.