பிளவும் பிளந்தோரும்

கண்டி மாநகரிலிருந்து கிழக்கே மகாவலி கங்கையை ஒட்டிச் செல்லும் நெடுஞ்சாலையில் குண்டசாலை, பல்லேகலை, திகன, தெல்தெனிய என்னும் ஊர்கள் அடுத்தடுத்து அமைந்துள்ளன. இரண்டரை ஆண்டுக் காலத்துக்குள் இவ்வூர்கள் இருமுறை நாட்டின் தலைப்புச் செய்தியாயின. 2018 மார்ச்சில் இங்கே முஸ்லிம் மக்களின் கடைகளும் வீடுகளும் பள்ளிவாசல்களும் எரிந்தன. 2020 ஆகஸ்ட் இறுதியில் இங்கே நிலம் அதிர்ந்தது. இரண்டையும் விளக்கப் புகுந்தோர் ஒரே சொல்லைக் கையாண்டனர். பாறையில் பிளவு என்றனர் ஒரு சாரார். சமூகத்தில் பிளவு என்றனர் மற்றொரு சாரார். ஒரு சொல் இரு துறைகளுக்குப் பொதுவாய் இருப்பதில் குற்றமில்லை. ஆனால் ஒரு துறையில் அதற்குரிய கண்டிப்பு மற்றதில் கைவிடப்படுமாயின், அதனைச் சுட்டிக்காட்டுவது இதழாளர் கடமை.

தமிழில் இச்சொல்லின் இயல்பு சற்று விந்தையானது. உடைந்தது, உடைத்தான் என்றும், கிழிந்தது, கிழித்தான் என்றும், முறிந்தது, முறித்தான் என்றும் தன்வினைக்கும் பிறவினைக்கும் நம் மொழி தனித்தனி வடிவம் வைத்திருக்கிறது. பிளத்தல் என்னும் வினைக்கோ அவ்வேறுபாடு இல்லை. கோடையில் நிலம் பிளந்தது என்கிறோம். அதே வினையால் கோடரி கொண்டு விறகைப் பிளந்தான் என்றும் சொல்கிறோம். தானே பிளந்ததா, ஒருவன் பிளந்தானா என்பதை வாக்கியத்தின் எழுவாயைக் கொண்டே அறிய வேண்டும். பெயர்ச்சொல்லாகப் ‘பிளவு’ என்று வைத்துவிட்டாலோ எழுவாயும் மறைந்துபோகும். வீட்டுக்கு வந்தவருக்குத் தட்டில் வைத்து நீட்டும் பாக்குத் துண்டுக்கும் பிளவு என்றே பெயர். உடலின் உள்ளே புரையோடி ஒரு நாள் வெளியே வெடிக்கும் கட்டிக்குப் பிளவை என்று பெயர். பகிர்தலும் அழிதலும் ஓரடியிற் பிறந்த சொற்களாயின. இத்தகைய சொல்லை அரசியல் மேடையில் கையாளுவோர் இரு மடங்கு எச்சரிக்கையுடன் கையாள வேண்டும்.

புவிச்சரிதவியலார் அவ்வெச்சரிக்கையை உடையவர்கள். பாறை வெடித்திருந்தும் வெடிப்பின் இரு பக்கங்களும் ஒன்றையொன்று உரசி நகராதிருந்தால் அதனை அவர்கள் மூட்டு என்று மட்டுமே வகைப்படுத்துவர். ஒரு பக்கம் மற்றொன்றைச் சார்ந்து மேலோ கீழோ பக்கவாட்டிலோ நகர்ந்திருந்தால்தான் அது பிளவாகக் கணிக்கப்படும். எவ்வளவு தூரம், எத்திசையில், எக்காலத்தில் நகர்ந்தது என்பதை அளந்து எழுதுவர். அந்நகர்வுக்கு இடப்பெயர்ச்சி என்பது அவர்களது வழக்கு. அதுவும் நம் சமூகம் நன்கறிந்த சொல்லேயாகும்.

1906ஆம் ஆண்டு சான் பிரான்சிஸ்கோ நகரை அழித்த நிலநடுக்கத்தை ஆராய்ந்த ஹாரி ரீட் என்னும் அறிஞர் ஓர் அடிப்படை உண்மையை நிறுவினார். பிளவு என்பது பாறையில் நெடுங்காலமாக இருப்பது. அதுவே நடுக்கத்தை உண்டாக்குவதில்லை. அதன் இரு பக்கங்களிலும் ஆண்டாண்டாகத் தேங்கும் தகைவு தாங்கும் எல்லையைக் கடக்கும் கணத்தில்தான் பாறை நழுவுகிறது. பிளவு இடம்; சுமை காரணம். இவ்விரண்டையும் குழப்பாதிருப்பதே அத்துறையின் முதற்பாடம்.

இலங்கைத் தீவின் பாறைகள் மிகத் தொன்மையானவை. நடுவே உயர்நிலத் தொகுதி, மேற்கே வன்னித் தொகுதி, கிழக்கே விஜயன் தொகுதி என்று அவற்றைப் பகுத்துள்ளனர். (சிங்கள வரலாற்றின் முதல் மன்னனாகக் கதைகள் கூறும் விஜயனின் பெயர் கிழக்கின் பாறைக்கும், தமிழர் தம் நிலமென உரிமை பாராட்டும் வன்னியின் பெயர் மேற்கின் பாறைக்கும் வாய்த்தன. கல்லுக்குப் பெயரிடும்போதும் நாம் நம்மை மறப்பதில்லை.) இவை வெவ்வேறு புவியோட்டுத் துண்டுகளாக இருந்து, கோண்டுவானாப் பெருங்கண்டம் உருவான காலத்தில், ஏறத்தாழ 55 கோடி ஆண்டுகளுக்கு முன் ஒன்றோடொன்று பொருந்தியவை என்பது ஆய்வாளர் முடிபு. தீவே ஒட்டுப்போட்ட தீவுதான். ஒட்டி ஒன்றான நிலமே இன்று நாம் ஏறி நடக்கும் உறுதியான மலைகளாய் நிற்கிறது.

அம்மலைகளினிடையே தும்பறைப் பள்ளத்தாக்கில் 122 மீற்றர் உயரமுள்ள விக்டோரியா அணை எழுப்பப்பட்டது. பிரித்தானிய நிதியுதவியுடன் கட்டப்பட்ட அதனை 1985 ஏப்ரலில் மார்கரட் தட்சர் வந்து திறந்துவைத்தார். எழுபது கோடிக் கன மீற்றருக்கும் மேற்பட்ட நீரைத் தாங்கும் அத்தேக்கத்துள் பழைய தெல்தெனிய நகரம் முழுதாய் அமிழ்ந்தது. ஆயிரக்கணக்கான குடும்பங்கள் இடம்பெயர்ந்தன. சிலர் மகாவலித் திட்டத்தின் கீழ்ப்பகுதிக் குடியேற்றங்களுக்குச் சென்றனர். சிலர் அருகிலேயே மேட்டுநிலத்தில் எழுந்த புதிய நகரத்தில் அமர்ந்தனர். கடும் வறட்சியில் நீர் வற்றும்போது பழைய நகரின் அத்திவாரங்களும் வீதித் தடமும் வெளித்தெரியும். அங்கே பிறந்து வளர்ந்த முதியோர் சேற்றில் இறங்கி இது எங்கள் கடை, இது நாங்கள் படித்த இடம் என்று பிள்ளைகளுக்குக் காட்டுவர்.

இத்தேக்கத்தைச் சுற்றியே 2020இல் நிலம் அதிர்ந்தது. ஆகஸ்ட் 29ஆம் நாளிரவு திகனவிலும் அருகிலுள்ள ஹாரகமவிலும் மக்கள் வீட்டைவிட்டு வெளியே ஓடினர். பின்னர் நவம்பரிலும் டிசம்பரிலும் அதிர்வுகள் தொடர்ந்தன. ரிக்டர் அளவில் 2ஐ ஒட்டிய சிற்றதிர்வுகளே அவை. ஆயினும் சுவர்களில் வெடிப்புக் கண்டதாக மக்கள் முறையிட்டனர். புவிச்சரிதவியல் அளவை மற்றும் சுரங்கப் பணியகத்தின் அறிஞர்கள் விரைந்து வந்தனர். எழுந்த வினாக்கள் எவை? தேக்கிய நீரின் சுமை காரணமா? திகனச் சூழலில் சுண்ணக்கல்லையும் தொலமைற்றையும் வெடிவைத்து அகழ்வது காரணமா? இயற்கைத் தகைவா? இவ்வினாக்கள் ஆதாரமற்ற அச்சத்தால் எழுந்தவையல்ல. மகாராட்டிரத்தின் கொய்னா அணைக்கட்டை அடுத்து 1967 டிசம்பர் 11ஆம் நாள் ஏற்பட்ட நிலநடுக்கத்தில் ஏறத்தாழ 180 பேர் மாண்டனர். நீர்த்தேக்கத்தின் சுமை நிலத்தடிப் பிளவைத் தூண்டக்கூடும் என்பதற்கு உலகம் முழுதும் எடுத்துக்காட்டாகக் கூறப்படுவது அந்நிகழ்வே.

ஆக, ஒரு பாறை சற்றே அசைந்தபோது, அதனை அசைத்தது எது, அதில் மனிதர் கை உண்டா என்று இந்நாடு கேட்டது. அக்கேள்வி முறையானது. அதே மண்ணில் இரண்டரை ஆண்டுக்கு முன் மனிதர் எரித்தபோது அக்கேள்வி உரத்து எழவில்லை.

நிகழ்ந்தவற்றை நினைவூட்டுவோம். 2018 பெப்ரவரி 22ஆம் நாள் தெல்தெனியவில் வீதித் தகராறொன்றில் சிங்களப் பாரவூர்திச் சாரதி ஒருவரை முஸ்லிம் இளைஞர் நால்வர் தாக்கினர். அவர் மார்ச் தொடக்கத்தில் மருத்துவமனையில் உயிர்நீத்தார். கொடிய குற்றம், நீதிமன்றம் தீர்க்க வேண்டிய குற்றம். ஆனால் அந்நாள்களில் மற்றொரு சுமையும் ஏறிக்கொண்டிருந்தது. பெப்ரவரி இறுதியில் அம்பாறையில் முஸ்லிம் ஒருவரின் உணவகத்தில் கொத்து ரொட்டியில் கருத்தடை மாத்திரை கலப்பதாக வதந்தி பரப்பி, கடையையும் பள்ளிவாசலையும் ஒரு கும்பல் தாக்கியது. உணவில் இருந்தது மாக்கட்டி என்று அரச பகுப்பாய்வாளர் பின்னர் அறிவித்தார். அதற்குள் வதந்தி மலைநாட்டை எட்டிவிட்டது. மார்ச் 4, 5ஆம் நாள்களில் திகனவும் தெல்தெனியவும் எரிந்தன. வெளியிடங்களிலிருந்து கூட்டங்கூட்டமாக ஆள்கள் வந்ததை ஊர்மக்கள் அன்றே கூறினர். எரிந்த வீட்டினுள்ளிருந்து முஸ்லிம் இளைஞர் ஒருவரின் உடல் மீட்கப்பட்டது. 6ஆம் நாள் அவசரகால நிலை அறிவிக்கப்பட்டது. 7ஆம் நாள் முதல் ஒரு வாரம் முகநூல் முடக்கப்பட்டது. வெறுப்புப் பரப்பிய மகாசோன் பலகாய அமைப்பின் தலைவர் கைதானார். தன் தளத்தில் பரவிய வெறுப்புரை அவ்வன்முறைக்குத் துணைபோனதற்காக முகநூல் நிறுவனமே 2020 மே மாதத்தில் வருத்தம் தெரிவித்தது.

இத்தனையும் ஆவணங்களில் உள்ளன. தூண்டியவர் உண்டு, பரப்பியவர் உண்டு, வந்து கொளுத்தியவர் உண்டு, பார்த்திருந்த காவலர் உண்டு. இருந்தும் அந்நிகழ்வைக் குறிக்க அரசியலார் பலரும் இதழ்கள் பலவும் கையாண்ட தொடர் ‘இரு சமூகங்களிடையே பிளவு ஏற்பட்டது’ என்பதாகும். ஏற்பட்டதாம்! மழை பெய்தது என்பதுபோல. புவிச்சரிதவியலிலிருந்து சொல்லை இரவல் வாங்கியவர்கள், அத்துறையின் முதற்பாடத்தை வாங்காது விட்டனர். பிளவையே காரணமாக்கி, சுமையேற்றியவரை விடுவித்தனர். இரு சமூகங்களிடையே என்பதும் பொய்யான சமன்பாடு. எரிந்த கடைகளும் வீடுகளும் ஒரு சமூகத்தாருடையவை.

சிங்களவரும் முஸ்லிம்களும் தமிழரும் மொழியாலும் சமயத்தாலும் வேறுபட்டவர்கள் என்பதை எவரும் மறுக்கவில்லை. அவ்வேறுபாடு பாறையிலுள்ள மூட்டைப் போன்றது. நகராத வரையில் அதனால் கேடில்லை. கண்டியில் முஸ்லிம்கள் நூற்றாண்டுகளாக வாழ்பவர்கள். கண்டி மன்னர் அவைகளில் மருத்துவராகவும் வணிகராகவும் பணியாற்றியவர்கள். அம்மூட்டை நகர்த்தக் கைகள் வேண்டியிருந்தன.

இம்மண்ணின் வரலாறு அத்தகைய கைகளை முன்னரும் கண்டிருக்கிறது. தெல்தெனியவுக்கு அப்பால் மெதமகாநுவரையை அடுத்தே கண்டியின் கடைசி மன்னன் சிறி விக்கிரம ராசசிங்கன் 1815 பெப்ரவரி 18ஆம் நாள் பிடிபட்டான். நாயக்கர் வழிவந்த அம்மன்னனுக்கும் கண்டிப் பிரதானிகளுக்கும் இடையே பகை இருந்தது உண்மை. அப்பகையைப் பல்லாண்டு பொறுமையாக வளர்த்துப் பயன்கொண்டவர் ஜோன் டொயிலி என்னும் ஆங்கில அதிகாரி. மார்ச் 2ஆம் நாள் கைச்சாத்தான கண்டி ஒப்பந்தம், மன்னனின் ‘மலபார்’ உறவினர் அனைவரையும் அரசுரிமையிலிருந்து விலக்கியது. ஒரு நூற்றாண்டு கழிந்து, 1915 மே மாதம், கண்டியில் முஸ்லிம்களுக்கெதிரான பெருங்கலவரம் தொடங்கிச் சில நாள்களில் மேற்குக் கரை வரை பரவியது. கம்பளையில் பெரகர ஊர்வலம் பள்ளிவாசலைக் கடக்கும்போது இசை முழக்கலாமா என்னும் வழக்கு ஆண்டுக்கணக்கில் நீதிமன்றங்களில் நடந்து, 1915 பெப்ரவரியில் உயர்நீதிமன்றத் தீர்ப்பை எட்டியிருந்தது. வழக்கு நடந்த காலமெல்லாம் வணிகப் போட்டியும் மேடைப் பேச்சும் சுமையை ஏற்றிக்கொண்டே இருந்தன.

அக்கலவரத்தின்பின் கைதான சிங்களத் தலைவர்களுக்காகச் சட்டசபையில் வாதாடியவர் பொன்னம்பலம் இராமநாதன். அடக்குமுறையை எதிர்த்த அவர் துணிவை மெச்சுவோர் பலர். தாக்குண்ட முஸ்லிம்களோ அதனைத் தமக்கெதிரான வாதமாகவே கண்டனர். தமிழ் பேசும் இரு சமூகங்களிடையே நெடுங்காலம் ஆறாத வடுவாக அது நின்றது. இங்கே தமிழ் வாசகர் தம்மையும் நோக்க வேண்டும். 1990 அக்டோபரில் வட மாகாண முஸ்லிம்களைத் தமிழீழ விடுதலைப் புலிகள் ஒட்டுமொத்தமாக வெளியேற்றினர். யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்குக் கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டு மணி நேரம். அதனையும் நம்மவர் ‘தமிழ் முஸ்லிம் உறவில் ஏற்பட்ட பிளவு’ என்றே இன்றளவும் எழுதிவருகின்றனர். திகனவைப் பற்றிச் சிங்கள அரசியலார் கூறும் தொடரும், யாழ்ப்பாணத்தைப் பற்றி நாம் கூறும் தொடரும் ஓரச்சில் வார்த்தவை. அங்கே நாம் கண்டிப்பதை இங்கே நாமே செய்கிறோம்.

இனி, சுமையை முன்னறிவது பற்றி. பல்லேகலையில் 2000ஆம் ஆண்டு முதல் உலக நிலநடுக்கப் பதிவு வலையமைப்பின் நிலையம் ஒன்று இயங்கிவருகிறது. 2004 டிசம்பர் 26ஆம் நாள் சுமாத்திராக் கடலடியில் எழுந்த அதிர்வு சில நிமிடங்களில் அதன் கருவியை வந்தடைந்தது. ஆழிப்பேரலை கிழக்குக் கரையைத் தொட ஏறத்தாழ இரண்டு மணி நேரமாயிற்று. இடைப்பட்ட நேரத்தில் மக்களை எச்சரிக்கும் ஏற்பாடு அன்று நாட்டில் இருக்கவில்லை. முப்பதாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அப்பேரழிவின்பின் எச்சரிக்கை நிலையங்கள் அமைந்தன. மக்களிடையே ஏறும் சுமையை அறிய நுண்கருவி எதுவும் வேண்டியதில்லை. அது சுவரொட்டியிலும் மேடையிலும் கைப்பேசியிலும் எல்லாரும் படிக்கும்படி எழுதப்படுகிறது. 2018இல் அம்பாறை எரிந்ததற்கும் திகன எரிந்ததற்கும் இடையே ஏறத்தாழ ஒரு வாரம் இருந்தது. அந்த ஒரு வாரத்தில் அரசு எதைச் செய்தது என்பதற்கு விடை சொல்லும் பொறுப்பு அன்று பதவியிலிருந்தோருக்கு உண்டு.

இதழாளர்க்கும் ஆசிரியர்க்கும் நாம் கூறுவது சிறிதே. மனிதர் செய்ததை எழுதும்போது எழுவாயோடு எழுதுங்கள். யார் தாக்கினார், யார் தூண்டினார், யார் தடுக்காதிருந்தார் என்று தெரிந்தவரை சொல்லுங்கள். அரசுக்கு ஒரு கோரிக்கை: 2018 மார்ச் வன்முறையில் எத்தனை பேர்மீது வழக்குத் தொடரப்பட்டது, எத்தனை வழக்குகள் முடிந்தன, எவ்வளவு இழப்பீடு உரியவரைச் சேர்ந்தது என்னும் விவரம் நாடாளுமன்றத்தில் முழு அறிக்கையாக வைக்கப்பட வேண்டும். தமிழ்க் கட்சிகளுக்கும் ஒரு கோரிக்கை: வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களின் மீள்குடியேற்றத்தைத் தம் கோரிக்கைகளின் முன்வரிசையில் சேர்த்து, அவர்களை வெளியேற்றியது யார் என்பதையும் அதே பத்தியில் எழுத வேண்டும்.