கிண்ணத்தை விட்டுக்கொடுக்காதீங்கோ

வெள்ளிக்கிழமை இரவு ஒன்பதரை மணி. ஹரோவில் எங்கள் வீட்டுக் குசினியில் இருந்து சப்பாத்தில் ஒட்டியிருந்த போன கிழமைச் சேற்றைத் தட்டிக்கொண்டிருந்தேன். கைபேசி அதிர்ந்தது. கழகத்தின் வட்சப் குழுவில் இரண்டு வரி: நாளைய கவுண்டிக் கிண்ணப் போட்டி நடக்காது, முன்வரிசைக்கு ஆள் போதாது, எதிரணிக்கு வோக் ஓவர் கொடுத்தாச்சு. கீழே 11 கட்டைவிரல்கள். ஒருவர் பியர் கிளாஸ் படம் போட்டிருந்தார்.

கட்டைவிரல் போட நேரமிருந்த அந்த 11 பேரும் "நான் வாறன்" என்று எழுதியிருந்தால் பாதிப் பிரச்சினை தீர்ந்திருக்கும். அம்மா எட்டிப் பார்த்து, "அப்ப நாளைக்கு நீ வீட்டிலதானே, ஒருக்கா கடைக்குப் போட்டு வா" என்றா. அந்தக் கோபத்தில்தான் இதை எழுதுகிறேன். எந்தக் கழகம் என்று கேட்க வேண்டாம். ஒரு கழகத்தைப் பிடித்துத் திட்டுவதால் தீர்கிற வருத்தம் இல்லை இது.

விளங்காதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். இங்கிலாந்தில் 15 பேர் ஆடும் றக்பி யூனியனில் எங்களைப் போன்ற கழகங்கள் செப்டெம்பரில் இருந்து வசந்தம் வரை சனிக்கிழமைகளில் லீக் ஆடும். அதற்குப் பக்கத்தில் ஒவ்வொரு கவுண்டியும் தன் கழகங்களுக்கென்று ஒரு நொக்-அவுட் கிண்ணம் நடத்தும். தரத்துக்கு ஏற்றபடி இரண்டு மூன்று கிண்ணங்கள் வைத்திருக்கிற கவுண்டிகளும் உண்டு. தோற்றால் வீடு, வென்றால் அடுத்த சுற்று. ஒருவருக்கும் சம்பளம் இல்லை. நாங்கள்தான் சந்தா கட்டுகிறோம், போட்டிக்குப் போட்டி காசு கொடுக்கிறோம். காசு கொடுத்து ஆட வந்தவன், ஆட்டமே வேண்டாம் என்று சொன்னால் சந்தோசப்படுகிறான்! அதுதான் எனக்குப் பிடிபடவில்லை.

"லீக்தான் முக்கியம், கிண்ணம் சும்மா ஒரு தொல்லை" என்று கழகத்தில் பெரியவர்களே சொல்கிறார்கள். அவர்களுக்குத் தங்கள் விளையாட்டின் கதையே தெரியாது. இங்கிலாந்து றக்பியில் நாடு முழுவதற்குமான லீக் 1987இல்தான் வந்தது. யோர்க்‌ஷயர் கிண்ணம் 1877இல் தொடங்கியது, முதலில் வென்றது ஹலிஃபக்ஸ். கணக்குப் பாருங்கள், 110 வருட வித்தியாசம். வடக்கில் ஆலைத் தொழிலாளர்களும் சுரங்கத் தொழிலாளர்களும் இந்த விளையாட்டைப் பிடித்துக்கொண்டதில் அந்தக் கிண்ணத்துக்குப் பெரிய பங்கு உண்டு. தெற்கில் இருந்த கனவான்களுக்கு அதுவே பயமாகிவிட்டது. கிண்ணம் வந்தால் கூட்டம் வரும், கூட்டம் வந்தால் காசு வரும், காசு வந்தால் சனிக்கிழமை வேலைக்குப் போகாமல் ஆட வருகிறவன் இழந்த கூலியைக் கேட்பான். கேட்டான். கொடுக்க மாட்டோம் என்றார்கள். 1895 ஓகஸ்ட் 29 அன்று ஹடர்ஸ்ஃபீல்டில் ஒரு ஹோட்டலில் 20க்கும் மேற்பட்ட வடக்குக் கழகங்கள் கூடிப் பிரிந்து போயின. இன்றைய றக்பி லீக் அப்படிப் பிறந்ததுதான்.

யூனியன் பக்கம் கிண்ணம் என்ற சொல்லையே சந்தேகமாகப் பார்த்த காலம் நீண்டது. நாடு தழுவிய நொக்-அவுட் 1971-72 பருவத்தில்தான் தொடங்கியது. முதல் இறுதிப் போட்டியில் குளொஸ்டர் மோஸ்லியை வென்றது. கவுண்டிகள் பலவற்றின் கிண்ணங்களும் அந்தக் காலத்தை ஒட்டித்தான் உருவாகின. மேலே இருந்தவர்கள் தர மறுத்த ஒன்றை, கீழே இருந்தவர்கள் கேட்டுக் கேட்டு வாங்கிய ஒன்றை, ஒரு வெள்ளி இரவு இரண்டு வரியில் திருப்பிக் கொடுக்கிறோம்.

மிடில்செக்ஸ் பற்றி இந்த இடத்தில் ஒன்று சொல்ல வேண்டும். ஹரோ, வெம்பிளி, சவுத்தோல், ஹவுன்ஸ்லோ, ட்விக்கனம் எல்லாம் பழைய மிடில்செக்ஸ். 1965இல் அந்தக் கவுண்டி நிர்வாகத்தில் இருந்தே இல்லாமல் போய்விட்டது, பெரும்பகுதி லண்டன் பெருநகருக்குள் கரைந்தது. ஆனால் கிரிக்கெட்டிலும் றக்பியிலும் அந்தப் பெயர் இன்னும் உயிரோடு இருக்கிறது. இதைக் கேட்டுச் சிரிக்கிற வெள்ளைக்கார நண்பர்கள் எனக்கு உண்டு. எனக்குச் சிரிப்பு வரவில்லை. லண்டனில் இருந்துகொண்டு ஊர்ச் சங்கம் நடத்தி, பழைய மாணவர் சங்கம் நடத்தி, இல்லாத தெருவின் பெயரில் கோடை விளையாட்டு விழா வைக்கிற சனம் நாங்கள். இடம் போன பிறகும் பெயரைக் கொண்டாடுவது என்னவென்று எங்களுக்கு யாரும் படிப்பிக்கத் தேவையில்லை.

எதிர்ப்பக்கத்தில் ஞாயமே இல்லை என்று சொல்ல மாட்டேன். பருவம் நீளமானது. தை மாதத்தில் பாதிப்பேர் கட்டுப்போட்டுக்கொண்டு திரிகிறார்கள். இரண்டு மூன்று படி மேலே ஆடுகிற அணியிடம் போய் 80 புள்ளி வாங்கிக்கொண்டு வருவதில் என்ன பெருமை என்று கேட்கிறார்கள். முன்வரிசைப் பிரச்சினையும் உண்மையானது. ஸ்க்ரமில் முன்னுக்கு நிற்கிற மூன்று பேரும் அதற்குப் பயிற்சி எடுத்தவர்களாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் கழுத்துக்கு ஆபத்து. உலக விதிப்படி 16 முதல் 18 பேர் கொண்ட அணியென்றால் அப்படிப்பட்ட 4 பேர் தேவை, 23 பேர் என்றால் 6 பேர். கையில் கிடைத்தவனை இழுத்து முன்வரிசையில் விடு என்று நான் ஒருபோதும் சொல்லமாட்டேன்.

ஆனால் தள்ளுதல் இல்லாத ஸ்க்ரம் என்று ஒன்று இருக்கிறது. கீழ்மட்ட றக்பியில் இரண்டு தலைவர்களும் பேசி, ஆளைக் குறைத்து, நேரத்தைக் குறைத்து ஆடுவதும் புதிதல்ல. எதிரணித் தலைவருக்கு ஒரு அழைப்பு எடுத்துக் கேட்டார்களா? எடுக்கவில்லை. நான் விசாரித்தேன். அவர்கள் 17 பேரோடு ஆயத்தமாக இருந்திருக்கிறார்கள், அவர்களுடைய மண்டபத்தில் சாப்பாடும் சமைத்தாகிவிட்டது. புள்ளி தருகிற போட்டி என்றால் ஓடித் திரிந்து ஆள் தேடியிருப்பார்கள், இது கிண்ணம்தானே என்று விட்டுவிட்டார்கள்.

அந்தக் கிண்ணத்தில்தான் என்னைப் போன்ற மூன்றாம் அணிக்காரனுக்கு முதலாம் அணியின் ஜேர்சி கிடைக்கும். லீக்கில் எனக்குக் கிடைக்காது, அதற்குத் தகுந்த ஆட்டக்காரனும் நான் இல்லை. வருடத்தில் ஒரு சனிக்கிழமை, தன்னைவிட நல்லவனை நேரே போய் மறித்துப் பார்க்கிற உரிமை அது. விழுவேன், தெரியும். எப்படி விழுகிறேன் என்று பார்க்கத்தான் ஆசை.

இனி எங்கள் பக்கம். நொவெம்பரில் ட்விக்கனத்துக்குப் போய்ப் படம் எடுத்துப் போடுகிறீர்கள். 2025 செப்டெம்பரில் இங்கிலாந்துப் பெண்கள் கனடாவை வென்று உலகக் கிண்ணம் எடுத்தபோது அந்த மைதானத்தில் 80 ஆயிரத்துக்கும் மேல் சனம், என் தங்கச்சியும் அவளுடைய சிநேகிதிகளும் அதில் இருந்தார்கள். அவர்களில் எத்தனை பேர் அடுத்த கிழமை ஒரு கழகத்துக்குப் போனார்கள்? ஒருத்தி. அவளும் இரண்டு பயிற்சியோடு நின்றுவிட்டாள், வீட்டில் விடவில்லை.

வீட்டுக் காரணங்கள் எனக்கு மனப்பாடம். சனிக்கிழமை தமிழ்ப் பள்ளிக்கூடம் என்பார்கள். பெரும்பாலான கழகங்களில் சின்னப் பிள்ளைகளுக்கு றக்பி ஞாயிறு காலை, இரண்டும் மோதாது. மிருதங்க வகுப்போடு மோதினால் அதைப் பேசித் தீர்க்கலாம். இது எங்கட விளையாட்டில்லை என்பார்கள். யாழ்ப்பாணத்தில் இருந்து வந்த அப்பாவுக்கு உதைபந்தும் கிரிக்கெட்டும்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கொழும்பு றோயலும் கண்டி திரித்துவமும் 1945இல் இருந்து பிரட்பி கேடயத்துக்கு மோதிக்கொண்டிருக்கின்றன, அந்தப் பள்ளிகளில் படித்த மாமாமார் உங்கள் குடும்பத்திலும் இருப்பார்கள். கேட்டுப் பாருங்கள், கேடயக் கதை தொடங்கினால் நிறுத்த மாட்டார்கள். எலும்பு முறிந்தால் என்ன செய்வது என்ற கேள்விக்கு மட்டும் என்னிடம் நல்ல பதில் இல்லை. முறியலாம். என் சுட்டுவிரல் இன்னும் நேராகவில்லை.

முன்வரிசைக்கு ஆள் இல்லை என்று கவுண்டி முழுக்க அழுகிறார்கள். உருண்டு திரண்ட பெடியளுக்கு எங்கள் சனத்தில் பஞ்சமா? கல்யாண மண்டபத்தில் மூன்றாம் தரம் சோறு போட்டுக்கொண்டு நிற்கிறவனை, பள்ளிக்கூடத்தில் ஓடமாட்டான் என்று கோல் காப்பாளராக நிறுத்தி வைத்தவனை, இந்த விளையாட்டு தேடிக்கொண்டிருக்கிறது. புரொப் என்றால் அந்த உடம்புதான் வேண்டும். சரியாகப் படிப்பிக்கிற ஒருவரிடம் ஒரு பருவம் படித்தால் போதும், எந்தக் கழகமும் அவனைக் கட்டிப்பிடித்து வரவேற்கும். அப்படி இரண்டு பேர் எங்களிடம் இருந்திருந்தால் நேற்று அந்தச் செய்தி வந்திருக்காது.

நான் ஓடித் திரிகிற பின்வரிசைக்காரன். எடை 71 கிலோ. இருந்தும் ஹூக்கருக்குப் பழகப்போகிறேன் என்று பயிற்சியாளருக்கு எழுதிவிட்டேன். அவர் சிரிக்கிற முகம் ஒன்று அனுப்பினார், பிறகு "செவ்வாய் ஏழரைக்கு வா" என்றார். ஹரோப் பக்கம் இருக்கிறவர்கள் கூட வரலாம், முதல் மூன்று பயிற்சிக்குக் காசு கேட்கமாட்டார்கள். சப்பாத்து இல்லை என்று சாட்டுச் சொல்ல வேண்டாம், என்னிடம் பழைய சோடி ஒன்று இருக்கிறது, அளவு 9, இடது காலில் ஒரு ஸ்டட் இல்லை.