ஊட்டி சைட் சீயிங்: பன்னிரண்டு பேர், எட்டு பாயிண்ட், ஒரு சாக்லேட் கடை

ஊட்டி சேரிங் கிராஸ் பக்கம் காலை ஒன்பது மணிக்குப் போய் நின்றால் இந்தக் காட்சியை எந்த சீசனிலும் பார்க்கலாம். லாட்ஜ் லாட்ஜாக நின்று ஆள் ஏற்றிக்கொண்டு ஒரு வேன் வரும். உள்ளே பன்னிரண்டு பேர். ஈரோட்டுப் பக்கமிருந்து வந்த ஐந்து பேர் குடும்பம், பெங்களூர் ஐடி பையன்கள் நாலு பேர், புதுசாகக் கல்யாணமான ஒரு ஜோடி, தனியாக வந்த ரிட்டயர்டு வாத்தியார் ஒருவர். எல்லார் தலையிலும் முந்தின நாள் சாயங்காலம் பேரம் பேசி வாங்கிய கம்பளிக் குல்லா. டிரைவர் திரும்பிப் பார்த்து ஒரே மூச்சில் சொல்லுவார்: "கார்டன், போட் ஹவுஸ், தொட்டபெட்டா, டீ ஃபேக்டரி, சாக்லேட் ஃபேக்டரி, அப்புறம் குன்னூர் சிம்ஸ் பார்க், லேம்ஸ் ராக், டால்பின் நோஸ். ஆறு மணிக்கு ரூம்ல விட்ருவேன் சார். சொன்ன டைமுக்கு வண்டிக்கு வந்துடணும்."

எட்டு இடம், ஒன்பது மணி நேரம். சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் கழியுங்கள். சீசன் டிராஃபிக்கில் மலைப்பாதையில் ஊர்வதற்குக் குறைந்தது மூன்றரை மணி நேரம். மிச்சத்தை எட்டால் வகுத்தால் ஓர் இடத்துக்குச் சராசரியாக அரை மணி நேரம்தான் தேறுகிறது. டிக்கெட் கியூ, பாத்ரூம் கியூ, போட்டோ எல்லாமே அந்த அரை மணிக்குள் அடக்கம். தமிழ்நாட்டின் மிக உயரமான சிகரங்களில் ஒன்று தொட்டபெட்டா, 2,637 மீட்டர். அங்கே போய் மிளகாய்த்தூள் தூவிய மாங்காய் தின்றுவிட்டு இறங்கி வருகிறவர்களே அதிகம். அதில் தப்பு ஒன்றும் இல்லை, மாங்காய் நன்றாகத்தான் இருக்கும். ஆனால் அது மெரினாவிலும் கிடைக்கிறதே?

இதைப் படித்துவிட்டு "நம் ஜனங்களுக்கு ரசனையே கிடையாது" என்று ஆரம்பிப்பவர்கள் உண்டு. அது சுத்த அபத்தம். பன்னிரண்டு பேரும் ஊரிலிருந்து பணம் சேர்த்து, லீவு போட்டு, கொண்டை ஊசி வளைவுகளில் வாந்தி எடுத்து, இவ்வளவு தூரம் ஏறி வந்திருக்கிறார்கள். ரசிக்கத் தயாராகத்தான் வந்திருக்கிறார்கள். எதைப் பார்க்கிறோம் என்று சொல்ல அந்த வேனில் ஆள் இல்லை. டிரைவர்தான் கைடு, டிரைவர்தான் டைம் கீப்பர். கொண்டை ஊசி வளைவில் வண்டியைத் திருப்பிக்கொண்டே ஒரு மனிதர் மலையைப் பற்றி எவ்வளவுதான் பேச முடியும்?

எந்த இடத்தில் எவ்வளவு நேரம் என்பதை முடிவு செய்வது ரசனையும் இல்லை, தூரமும் இல்லை. அது ஒரு வரவு செலவுக் கணக்கு. ஒரு கணக்குக்குத் தலைக்கு 500 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். பன்னிரண்டு பேருக்கு 6,000 ரூபாய். அதில் ஆள் பிடித்துக் கொடுத்த லாட்ஜ்காரர் பங்கு, டீசல், பார்க்கிங், வண்டியின் மாதத் தவணை, இன்சூரன்ஸ், டயர் தேய்மானம் (மலையில் டயரும் பிரேக்கும் சமவெளியை விடச் சீக்கிரம் தேயும்) எல்லாம் போக டிரைவர் கையில் நிற்பது கொஞ்சம். அதுவும் சீசனில் கிடைப்பது. மழைக்காலத்தில் வண்டி சும்மா நின்றாலும் தவணை நிற்காது. அப்போது அந்த மனிதருக்குக் கை கொடுப்பது யார்? சாக்லேட் கடை, தைலக் கடை, டீத்தூள் கடை. கூட்டி வரும் ஆளுக்கு, நடக்கும் வியாபாரத்துக்கு ஏற்றபடி கடைக்காரர் ஏதோ ஒரு கமிஷன் தருகிறார். இது ஊரறிந்த விஷயம், இந்தியாவில் எந்தச் சுற்றுலாத் தலத்திலும் இதே கதைதான்.

பி.காம். பாடத்தில் இதற்குக் குறுக்கு மானியம் என்று பெயர். வேன் டிக்கெட்டின் விலை உண்மையான செலவுக்கும் குறைவு, அந்தப் பள்ளத்தைக் கடைகள் நிரப்புகின்றன. கடைக்காரர் கையிலிருந்தா போடுகிறார்? அதே பன்னிரண்டு பேரிடம்தான் சாக்லேட் விலையில் ஏற்றி வாங்கிக்கொள்கிறார். ஆக, "சீப்பான டூர்" என்பது பாதி பொய். பணம் இடது பாக்கெட்டுக்குப் பதில் வலது பாக்கெட்டிலிருந்து போகிறது. கூடவே நேரமும் போகிறது. சோலைக்காட்டு ஓரத்தில் வண்டியை நிறுத்தினால் யாருக்கும் கமிஷன் இல்லை, அதனால் அங்கே வண்டி நிற்காது. சாக்லேட் கடையில் மட்டும் "மெதுவா பாருங்க சார், அவசரமே இல்ல."

இதில் ஒரு வேடிக்கை. சாக்லேட்டுக்கு மூலப்பொருளான கோகோ மரம் ஊட்டிக் குளிரில் வளராது. அது கீழே பொள்ளாச்சித் தென்னந்தோப்புகளில் ஊடுபயிராக வளர்வது. பொள்ளாச்சியைத் தாண்டி வந்தவர்கள் ஊட்டியின் விசேஷம் என்று சாக்லேட் வாங்கிப் போகிறார்கள். நிஜமாகவே ஊட்டிக்காரர்கள் தினமும் டீயில் நனைத்துத் தின்னும் வர்க்கியைப் பாதிப் பேர் கேள்விப்பட்டதுகூட இல்லை.

சரி, ஒரு கைடு வேனில் ஏறினால் என்ன மாறிவிடும்?

ஈரோட்டுக் குடும்பத்தை எடுத்துக்கொள்வோம். அவர்கள் வயலுக்குக் கீழ்பவானி வாய்க்கால் தண்ணீர் பாய்கிறது. அந்தத் தண்ணீர் பவானிசாகர் அணையிலிருந்து வருகிறது என்பது அவர்களுக்கு நன்றாகத் தெரியும். அணைக்கு வரும் தண்ணீர் இந்த மலையிலிருந்து போவது. பைக்காரா ஆறு மின்நிலையங்களைக் கடந்து மோயாறாகிப் பள்ளத்தாக்கில் ஓடி அணையில் சேர்கிறது. பவானி ஆறு இதே நீலகிரியின் மேற்குப் பக்கம் பிறந்து, கேரளாவுக்குள் போய்விட்டுத் திரும்பி வருகிறது. இந்த ஆறுகள் மழை நின்ற பிறகும் வற்றாமல் ஓடக் காரணம் மலையுச்சியின் பழைய அமைப்பு. மேடுகளில் புல்வெளி, இரண்டு மேடுகளுக்கு நடுவே மடிப்புகளில் குட்டையான, அடர்த்தியான சோலைக்காடு. மழையையும் மூடுபனியையும் பஞ்சு மாதிரி உறிஞ்சி வைத்துக்கொண்டு, கொஞ்சம் கொஞ்சமாக ஓடைக்கு விடும் ஏற்பாடு அது. வெள்ளைக்காரர்கள் அந்தப் புல்வெளியை வெறும் தரிசு என்று நினைத்து விறகுக்கும் தோல் பதனிடும் பட்டைக்கும் சீகை மரத்தையும் கற்பூர மரத்தையும் நட்டார்கள். சுதந்திரத்துக்குப் பிறகு நம் அரசும் அதையே பெரிய அளவில் தொடர்ந்தது. இன்று டூரிஸ்டுகள் "எவ்வளவு பச்சை!" என்று வியக்கும் காட்டில் பெரும்பகுதி இப்படி வந்தது. ரீல்ஸ் எடுக்கக் கூட்டம் அலைமோதும் பைன் ஃபாரஸ்டும் வேறு தேசத்து மரங்களை வரிசை பிடித்து நட்ட தோப்புதான். மரங்கள் ஸ்கேல் வைத்து நட்ட மாதிரி ஏன் நேர்கோட்டில் நிற்கின்றன என்று யாருமே கேட்பதில்லை.

இதை ஒரு சோலையின் ஓரத்தில் நின்று, காலடி மண்ணின் ஈரத்தைக் காட்டிச் சொல்ல அரை மணி நேரம் போதும். அந்த விவசாயி அடுத்த முறை வாய்க்காலில் தண்ணீர் வரும்போது வேறு மாதிரி பார்ப்பார். சாக்லேட் கடையில் இது நடக்காது.

தாவரவியல் பூங்காவிலும் இதே நிலைமைதான். 1848ல் உருவாகத் தொடங்கிய தோட்டம். இரண்டு கோடி வருஷப் பழசு என்று சொல்லப்படும் கல்லாகிப்போன மரத்துண்டு ஒன்று அங்கே கிடக்கிறது. பிள்ளைகள் அதன் பக்கத்தில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டு ஓடிவிடுகிறார்கள். பூங்காவுக்கு மேலே தோடர் மந்து இருக்கிறது. அங்கே ஏறிப் போகிறவர்களிலும் பலர் உயிரியல் பூங்காவுக்குப் போவது மாதிரி போய் எட்டிப் பார்த்துவிட்டு வருகிறார்கள். வீட்டு வாசலில் அந்நியர்கள் வந்து கேமராவை நீட்டினால் நமக்கு எப்படி இருக்கும்? எருமையைச் சுற்றியே வாழ்க்கையை அமைத்துக்கொண்ட ஜனங்கள், வெள்ளைத் துணியில் சிவப்பும் கறுப்புமாக அவர்கள் போடும் எம்பிராய்டரிக்கு 2013ல் புவிசார் குறியீடு கிடைத்தது. அந்தச் சமூகத்திலேயே ஒரு பெண் வழிகாட்டியாக இருந்து, எங்கே நிற்கலாம், எங்கே போகக் கூடாது, எதைப் படம் எடுக்கக் கூடாது என்று அவரே சொன்னால் விஷயம் மரியாதையாக நடக்கும். காசும் நேராக அவர் கைக்குப் போகும்.

டீ ஃபேக்டரி இன்னும் மோசம். இலை வாடுவது, அரைபடுவது, காய்வது எல்லாவற்றையும் நடந்துகொண்டே பார்க்கலாம். கடைசியில் ஒரு குட்டிக் கப்பில் டீ, அதைத் தாண்டினால் நேராகக் கடை. ஒரு கிலோ தூளுக்கு நாலு கிலோவுக்கு மேல் பச்சை இலை வேண்டும். அந்த இலைக்குக் கட்டுப்படியான விலை கேட்டு 2023ல் சிறு விவசாயிகள் தொடர் உண்ணாவிரதம் இருந்தார்கள். கடையில் ஏலக்காய் டீத்தூள் வாங்கும் யாருக்கும் இது தெரிய வழியில்லை. நம் வாத்தியார் மாதிரி ஆசாமிகளுக்கு இதைச் சொல்லியிருந்தால் இரண்டு பாக்கெட் சேர்த்தே வாங்கியிருப்பார்.

கதை விலை போகாது என்று நினைப்பவர்கள் தெப்பக்காட்டை நினைத்துப் பார்க்கலாம். முதுமலையின் யானைகள் முகாம் அங்கே வெகுகாலமாக இருக்கிறது. 2023ல் பொம்மன், பெள்ளி தம்பதியைப் பற்றிய ஆவணப்படத்துக்கு ஆஸ்கர் கிடைத்ததும் புதிதாகக் கூட்டம் திரண்டது. முகாமும் யானைகளும் முன்னாலும் இருந்தவைதான், ஜனங்கள் தேடி வந்தது அந்தத் தம்பதியின் கதையை.

இதை இப்போது பேச இன்னொரு காரணமும் இருக்கிறது. சென்னை உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் இ-பாஸ் வந்தது. 2025 ஏப்ரல் 1 முதல் நீலகிரிக்குள் வார நாட்களில் 6,000, வார இறுதியில் 8,000 வண்டிகள் என்று வரம்பும் வந்தது. டிஎன் 43 பதிவெண் கொண்ட உள்ளூர் வண்டிகளுக்கு இ-பாஸ் வேண்டாம். வியாபாரிகள் எதிர்த்தார்கள், கடையடைப்புகூட நடந்தது. அவர்கள் பயம் நியாயமானதுதான். ஆனால் மலையின் பக்கமும் நியாயம் இருக்கிறது. 2009 நவம்பர் மழையில் நிலச்சரிவுகளில் 40க்கும் மேற்பட்டவர்கள் செத்துப்போன மாவட்டம் இது. சரிவை வெட்டிச் சாலையை அகலப்படுத்திக்கொண்டே போக முடியாது.

வரம்பு எண்ணுவது வண்டியை. வண்டிக்குள் என்ன நடக்கிறது என்பதை அது தொடவில்லை. வண்டிகள் கூட முடியாது என்றால், ஒவ்வொரு வண்டியிலிருந்தும் மலைக்காரர்களுக்குக் கிடைக்கும் வருமானம் கூட வேண்டும். அதைச் சாக்லேட்டை இன்னும் கொஞ்சம் விலையேற்றிச் செய்யப் போகிறோமா? சொந்தக் காரைக் கீழே விட்டுவிட்டு ரயிலிலோ பஸ்ஸிலோ வருகிறவர்களுக்கு உள்ளூர் வேன்தான் கதி. பன்னிரண்டு பேர் என்பது ஒரு கைடின் குரல் கடைசி ஆளுக்கும் கேட்கிற அளவு, சோலை ஓரப் பாதையில் ஒற்றை வரிசையில் நடக்கிற அளவு. அப்படிப்பட்ட அளவான குழுவை வைத்துக்கொண்டு அதைக் குட்டி டவுன் பஸ் மாதிரி ஓட்டிக்கொண்டிருக்கிறோம்.

பூட்டான் இதில் வேறு வழி போனது. வெளிநாட்டுக்காரர்கள் ஓர் இரவுக்கு 100 டாலர் (2022ல் 200 ஆக்கி, 2023ல் பாதியாகக் குறைத்தார்கள்), இந்தியர்கள் 1,200 ரூபாய் கட்ட வேண்டும். அதை அப்படியே ஊட்டிக்குக் கொண்டு வரச் சொல்பவர்கள் தங்கள் பர்ஸை மட்டும் பார்த்துப் பேசுகிறார்கள். திருப்பூர் பனியன் கம்பெனித் தொழிலாளி வருஷத்துக்கு ஒரு முறை குடும்பத்தோடு வந்து குளிரில் நிற்கிற இடம் இது. அவரை விலை போட்டு விரட்டுவது அநியாயம்.

அந்தத் தொழிலாளி சார்பில் ஓர் எதிர்வாதமும் உண்டு. வாழ்க்கையில் இரண்டாவது தடவை வருவோமா என்பதே நிச்சயம் இல்லாத ஆளிடம் போய், "நாலு இடம் மட்டும் ஆழமாகப் பாருங்கள்" என்றால் சிரிப்பார். ஊருக்குப் போனதும் "போட்டிங் போனீங்களா?" என்று பக்கத்து வீட்டில் கேட்பார்களே! நியாயம். அப்படியானால் எட்டு பாயிண்ட் வேனும் ஓடட்டும். அதன் பக்கத்திலேயே நாலு பாயிண்ட் வேன் ஒன்றும் நிற்கட்டும். மேலே சொன்ன அதே கணக்கில், தலைக்கு 150 ரூபாய் கூட வைத்தால் 1,800 ரூபாய். அதில் 1,000 கைடுக்கு, 800 டிரைவருக்கு, கடைக் கமிஷனுக்குப் பதிலாக. கடையில் கூடுதலாகக் கொடுக்கும் காசோடு ஒப்பிட்டால் பயணிக்கு இது பெரிய நஷ்டமே இல்லை. ஆறு மாதம் ஓட்டிப் பார்த்தால் எந்த வேன் முதலில் நிரம்புகிறது என்பது தெரிந்துவிடும்.

கைடுக்கு எங்கே போவது என்று யாரும் கவலைப்பட வேண்டாம். குன்னூரிலும் கோத்தகிரியிலும் டிகிரி முடித்துவிட்டுக் கோயம்புத்தூருக்கும் திருப்பூருக்கும் வேலை தேடி இறங்குகிற பிள்ளைகள் எத்தனையோ பேர். சோலை எது, சீகைத் தோப்பு எது, எந்தப் பக்கம் காட்டெருமை நிற்கும் என்பதெல்லாம் அவர்களுக்குச் சின்ன வயதிலிருந்தே தெரியும். தெரியாதது இரண்டுதான்: பன்னிரண்டு பேர் முன்னால் கூச்சமில்லாமல் பேசுவது, அதற்குக் காசு கேட்பது. முதலாவதற்கு ஒரு மாதப் பயிற்சி போதும். இரண்டாவதற்கு வேன் கண்ணாடியில் ஒட்டும் கட்டண அட்டையில் "கைடு கட்டணம்" என்று ஒரு வரி அச்சடித்தாக வேண்டும். அதுவரை டிரைவர் சாக்லேட் கடை வாசலில் வண்டியை நிறுத்தி, "மெதுவா பாருங்க சார்" என்று சொல்லிக்கொண்டுதான் இருப்பார். அவரைக் குறை சொல்ல யாருக்கும் உரிமை இல்லை.