ஆலய வாசலில் நின்ற மனிதர்

பழைய புண்ணைக் கிளறுவது கிறிஸ்தவப் பண்பன்று என்பார் நம்மிடையே உண்டு. குளோட் லான்ஸ்மானின் 'ஷோவா' என்னும் ஆவணப்படத்தின் மீதும் இக்குறையைச் சுமத்துவர். மன்னிப்பையும் மறதியையும் ஒன்றாக்கும் இவ்வாதத்தை ஏற்பதற்கில்லை. நடந்தது இன்னதென்று அறியாதவன் எதற்காக மன்னிப்புக் கேட்பான்?

பதினோராண்டு உழைப்பில் உருவாகி 1985-இல் வெளிவந்த இப்படம் ஒன்பது மணி நேரத்துக்கும் மேலாக ஓடுகிறது. நாசிகள் யூத மக்களைக் கொன்றொழித்ததே அதன் பொருள். ஆயினும் பிணக்குவியலைக் காட்டும் பழைய படச்சுருள் ஒன்றுகூட அதில் இல்லை. கொலை நடந்த இடங்கள் பின்னாளில் இருந்த கோலமும், உயிரோடிருந்தோரின் முகங்களும் பேச்சுமே உள்ளன. பழைய படத்தைக் கண்டவன், 'அது அந்தக் காலம்' என்று கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிடலாம். எதிரே நின்று பேசும் முகத்திடமிருந்து அவ்வாறு தப்ப இயலாது.

போலந்து நாட்டுக் கெல்ம்னோவில் ஒன்றரை இலட்சத்துக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டனர். நச்சுப்புகை வண்டிகளில் ஏற்றப்படுமுன் அவர்களுள் பலர் அடைத்து வைக்கப்பட்ட இடம், அவ்வூர்க் கத்தோலிக்க ஆலயம். அங்கே சிறுவனாகச் சிறைப்பட்டு, 1945 சனவரியில் தலையில் சுடப்பட்டும் பிழைத்தவர் சீமோன் ஸ்ரெப்னிக். லான்ஸ்மான் அவரை அந்த ஆலய வாசலுக்கே அழைத்து வருகிறார். அன்று மரியன்னையின் பிறப்பு விழா. ஊரார் அவரைச் சூழ்ந்து அன்போடு வரவேற்கின்றனர். அந்த அன்பு பொய்யன்று. பிறகு, யூதர்க்கு ஏன் இக்கதி நேர்ந்தது என்ற கேள்வி எழுகிறது. ஒருவர் முன்வந்து, கிறிஸ்துவின் இரத்தப்பழியே காரணம் என்னும் பொருள்படக் கதை சொல்கிறார். ஸ்ரெப்னிக் நடுவில் வாய்பேசாது நிற்கிறார்.

இப்படம் போலந்து மக்களுக்கு அநீதி செய்தது என்று அந்நாட்டில் பலர் சினந்தனர். அதில் நியாயமும் உண்டு. யூதரைக் காத்தவர்களாக இஸ்ரயேலின் யாத் வாஷேம் நிறுவனம் மதித்துள்ள போலந்தினர் ஏழாயிரத்துக்கும் மேல். அவர்களது தியாகம் படத்தில் இடம்பெறவில்லை. ஆனால் அக்குறையைக் காட்டி ஆலய வாசற்காட்சியைத் தள்ளிவிட முடியுமா? யூத இனம் முழுவதன்மேலும் அப்பழியைச் சுமத்தலாகாது என்று 1965-இலேயே இரண்டாம் வத்திக்கான் சங்கம் கற்பித்தது. அதன்பின் பத்தாண்டுக்கு மேல் கழித்துப் படமாக்கிய காட்சி இது. ஏட்டில் திருந்திய போதனை வாசற்படியைத் தாண்டவில்லை என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

1998-இல் வத்திக்கான் வெளியிட்ட சிந்தனை ஏடு, நாசிகளின் யூதவெறுப்புக்கு வேர் கிறிஸ்தவத்திற்கு வெளியே உள்ளது என்றது. கிறிஸ்தவரின் பழைய வெறுப்பு அக்கொடுமையை எளிதாக்கியதா என்றும் கேட்டது. நம்மவர் முன்னதைப் பற்றிக்கொண்டு பின்னதை விட்டுவிடுகின்றனர். லான்ஸ்மான் தீர்ப்பு எதுவும் சொல்லவில்லை, விளக்கவுரையும் சேர்க்கவில்லை. விழாப் பவனி ஆலயத்தினின்று வெளிவருவதையும், அதனருகே அந்த மனிதர் நிற்பதையும் காட்டியதோடு சரி. பெரிய வெள்ளியன்று பாடுகளின் வரலாற்றைச் செவிமடுக்கும் நாம், அவர் காதுகொண்டு அதை என்றேனும் கேட்டதுண்டா?