தாத்தாவின் ஹெரால்டுக்குப் புத்தகம் எங்கே?

திண்டிவனத்திலிருந்து புதுச்சேரி போகும் வழியில், திருச்சிற்றம்பலம் கூட்டுரோட்டில் திரும்பினால் இரும்பை. அந்த ஊரில் ஒரு வீட்டுக் கொட்டகையில், தார்ப்பாய்க்கு அடியில் தாத்தாவின் ஸ்டாண்டர்டு ஹெரால்டு நிற்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். கடல் சில கிலோமீட்டர்தான். உப்புக் காற்றுக்கு வேலை சொல்லித்தர வேண்டியதில்லை. தாத்தா இல்லை. அவருடைய மெக்கானிக்குக்கும் கண் மங்கிவிட்டது. பேத்திக்கு மட்டும் அதை ஓட்டிப் பார்க்க ஆசை.

போனை எடுத்து 'ஸ்டாண்டர்டு ஹெரால்டு மானுவல்' என்று தேடுகிறாள். உருப்படியாக ஒன்றும் வரவில்லை. கார் பொய்யில்லை, தேடிய பெயர்தான் தப்பு.

அந்த காருக்குப் பிறந்த வீட்டுப் பெயர் வேறு. இங்கிலாந்தில் 1959-ல் 'டிரையம்ப் ஹெரால்டு' என்று வெளிவந்தது. வடிவமைத்தவர் இத்தாலிக்காரர் மிக்கலோட்டி. 1961 முதல் சென்னையில் ஸ்டாண்டர்டு மோட்டார் புராடக்ட்ஸ் நிறுவனம் அதை 'ஸ்டாண்டர்டு ஹெரால்டு' ஆக்கியது. ஆகவே 'டிரையம்ப் ஹெரால்டு ஒர்க்‌ஷாப் மானுவல்' என்று தேட வேண்டும். அம்பாசடருக்கு 'மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு சீரிஸ் 3', பிரீமியர் பத்மினிக்கு 'ஃபியட் 1100 டி'. நம் ஊர் பழைய கார்களில் பலவற்றுக்கு இப்படி ஒரு பிறந்த வீடு உண்டு. அதைக் கண்டுபிடித்தால் பாதி வேலை முடிந்தது.

பாதிதான். மீதிப் பாதியில்தான் பலரும் கையைச் சுட்டுக்கொள்கிறார்கள். புகுந்த வீட்டில் கார் மாறிவிட்டதே!

இங்கிலாந்தில் ஹெரால்டு இன்ஜின் 948 சி.சி.யில் தொடங்கி 1147, 1296 என்று வளர்ந்தது. சென்னையில் அது 948-லேயே நின்றது. அங்கே ஹெரால்டு சலூனுக்கு எப்போதும் இரண்டே கதவுகள். இங்கே குடும்பத்தோடு ஏறி இறங்க வசதியாகப் பின்னாளில் நான்கு கதவுகள் வந்தன. 1970-களில் வந்த 'கசல்' இன்னும் ஒரு படி விலகியது. ஹெரால்டின் பின்சக்கரங்கள் தனித்தனியே ஆடும். நம் சாலைக்கும் நம் மெக்கானிக்குகளுக்கும் அது ஒத்துவரவில்லை என்பதால், கசலில் இரு சக்கரங்களையும் இணைக்கும் ஒரே ஆக்ஸில் போட்டார்கள். கையில் கசலை வைத்துக்கொண்டு இங்கிலாந்து புத்தகத்தின் பின்சக்கர அத்தியாயத்தைத் திறந்தால், படத்தில் இருப்பது வண்டியில் இருக்காது.

இதே நிறுவனத்தின் கடைசிக் கூத்து 1985-ல் வந்த ஸ்டாண்டர்டு 2000. உடம்பு ரோவர் எஸ்.டி.1. உள்ளே துடித்ததோ 1940-களின் வேன்கார்ட் கார் வழிவந்த பழைய 2 லிட்டர் இன்ஜின். ஃபெர்குசன் டிராக்டரில் ஓடிய இன்ஜினுக்கு நெருங்கிய சொந்தம்! இதை வைத்திருப்பவர் கதவுக்கும் கண்ணாடிக்கும் ஒரு புத்தகம், இன்ஜினுக்கு இன்னொரு புத்தகம் என்று இரண்டு வாங்க வேண்டும். அதனால் வாங்கும் முன்பே இன்ஜின் எண்ணையும் சேஸிஸ் எண்ணையும் துடைத்துப் படித்து எழுதிக்கொள்வது நல்லது. புத்தகத்தின் முதல் பக்கங்களில் அது எந்த மாடல்களுக்கு, எந்த ஆண்டுகளுக்கு என்று போட்டிருக்கும்.

புத்தகத்திலும் வகை உண்டு. காரோடு வந்த சின்னப் புத்தகம் ஆயில் மாற்ற, டயரில் காற்றடிக்க மட்டுமே உதவும். ஒர்க்‌ஷாப் மானுவல் கம்பெனி மெக்கானிக்குகளுக்காக எழுதியது. 'தனிக் கருவி எண் இத்தனையைப் பயன்படுத்துக' என்று ஒரு வரியில் முடித்துவிடும், அந்தக் கருவிக்கு நாம் எங்கே போவது? மூன்றாவது பார்ட்ஸ் கேட்லாக். பலரும் ஒதுக்கும் இதுதான் உண்மையில் புதையல். ஒவ்வொரு நட்டும் வாஷரும் எந்த வரிசையில் உட்காரும் என்று பிரித்துப் போட்ட படங்கள் இதில் இருக்கும். எண்ணோடு புதுப்பேட்டைக்குப் போனால் கடைக்காரரிடம் விளக்கிக்கொண்டு நிற்க வேண்டாம்.

வீட்டில் வேலை செய்கிறவருக்கென்றே எழுதியவை ஹேய்ன்ஸ் புத்தகங்கள். இங்கிலாந்து விமானப்படையில் இருந்த ஜான் ஹேய்ன்ஸ், 1965-ல் ஏடனில் நண்பரின் ஆஸ்டின் ஹீலி ஸ்பிரைட்டைப் பழுதுபார்க்க உதவினார். கம்பெனி மானுவல் சாதாரண மனிதனுக்குப் புரியாது என்று கண்டு, காரைப் பிரிக்கப் பிரிக்கப் படம் எடுத்தார். மறு ஆண்டே முதல் புத்தகம் வந்துவிட்டது. டிரையம்ப் ஹெரால்டுக்கும் ஹேய்ன்ஸ் உண்டு.

புத்தகம் வந்துவிட்டது, பேத்தி உட்கார்ந்துவிட்டாள். அடுத்த சிக்கல் மொழி. ஆங்கிலம் அல்ல, பட்டறைத் தமிழ்! மெக்கானிக், "செல்ஃப் எடுக்கல, பிளாட்டினம் பார்க்கணும் பாப்பா" என்கிறார். புத்தகத்தின் அட்டவணையில் செல்ஃபும் இல்லை, பிளாட்டினமும் இல்லை. 'ஸ்டார்ட்டர் மோட்டார்', 'காண்டாக்ட் பிரேக்கர்' என்றுதான் இருக்கும். ஸ்டெப்னி அங்கே 'ஸ்பேர் வீல்'. டிக்கி 'பூட்', மட்கார்டு 'விங்'. ஒரு தாளில் இரண்டு பெயர்களையும் எதிரெதிரே எழுதி கொட்டகைச் சுவரில் ஒட்டினால் தாத்தா காலத்து மெக்கானிக்கும் இன்றைய பேத்தியும் ஒரே காரைப் பற்றிப் பேசலாம்.

அளவும் அப்படித்தான். பிளக் இடைவெளி 0.025 இன்ச் என்றால் நம் கணக்கில் 0.64 மி.மீ. ஒரு பைன்ட் ஆயில் என்றால் பிரிட்டிஷ் புத்தகத்தில் 568 மி.லி., அமெரிக்கப் புத்தகத்தில் 473. ஹெரால்டின் போல்ட்டுகள் இன்ச் கணக்கு. மில்லிமீட்டர் ஸ்பேனரை நுழைத்துத் திருகினால் தலை வழுக்கும். பிறகு அதைக் கழற்ற லேத் பட்டறைக்குத்தான் போக வேண்டும்.

ஓர் இடத்தில் மட்டும் பழைய புத்தகம் சொல்வதைக் கேட்கவே கூடாது. பிரேக் டிரம்மில் படிந்த தூளைக் காற்றடித்து ஊதச் சொல்லும் பக்கங்கள் உண்டு. அந்தக் காலத்து பிரேக் லைனிங்கில் ஆஸ்பெஸ்டாஸ் இருந்தது. மூச்சில் போனால் பல ஆண்டுகள் கழித்தும் நுரையீரலைப் பழிவாங்கும். ஊதாமல், முகக்கவசம் போட்டு ஈரத்துணியால் துடைத்து, துணியைக் கட்டி எறிய வேண்டும்.

தேட வேண்டிய முதல் இடம் வீட்டுப் பரண். தாத்தாக்கள் எதையும் எளிதில் தூக்கி எறிந்தவர்கள் இல்லை. அடுத்தது பழைய புத்தகக் கடை. சென்னை மூர் மார்க்கெட் 1985-ல் எரிந்தபோது எத்தனை மானுவல்கள் போனதோ! இரும்பைக்காரர்களுக்குப் பக்கம் புதுச்சேரி காந்தி வீதி ஞாயிறு சந்தை. இன்டர்நெட் ஆர்க்கைவ் தளத்தில் ஸ்கேன் செய்த பழைய மானுவல்கள் நிறைய உண்டு, இலவசமாகவே. மெட்ராஸ் ஹெரிட்டேஜ் மோட்டாரிங் கிளப் போன்ற இடங்களில், இதே காரைப் பிரித்துச் சேர்த்தவர்களைச் சந்திக்கலாம்.

இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்றால், ஒரு காரணம் சட்டத்திலும் இருக்கிறது. 2021-ல் வந்த மத்திய விதிப்படி, 50 ஆண்டுகள் கடந்த கார் 'விண்டேஜ்' பதிவு பெறலாம். சேஸிஸ், பாடி, இன்ஜினில் பெரிய மாற்றம் செய்திருக்கக் கூடாது. 'எப்படியாவது ஓடட்டும்' என்று வேறு இன்ஜினை ஏற்றிய ஹெரால்டுக்கு அந்த வழி அடைபடலாம். விண்டேஜ் பதிவு பெற்ற காரைத் தினமும் ஓட்ட முடியாது, கண்காட்சி, பேரணி மாதிரியான தேவைகளுக்குத்தான் என்பதையும் தெரிந்துகொண்டு முடிவெடுக்கலாம்.

ஹெரால்டில் வீட்டு மெக்கானிக்குக்கு ஒரு வரம் உண்டு. பானெட் மட்கார்டோடு சேர்ந்து மொத்தமாக முன்பக்கம் கவிழும். முன் டயர் மேலேயே உட்கார்ந்து வேலை பார்க்கலாம். ஒரு டயரில் பேத்தி, எதிர் டயரில் மெக்கானிக். அவர் கை போகும் இடத்தைப் போனில் வீடியோ எடுத்து, 'இங்கே புத்தகம் வேறு மாதிரி சொல்கிறது' என்று பக்க ஓரத்தில் பென்சிலால் குறித்துக்கொள்ள வேண்டியதுதான். அசல் புத்தகத்தில் அல்ல, ஜெராக்ஸில். அசலை கிரீஸ் கை படாமல் பீரோவில் வைத்துவிடலாம்.